குரலை இழந்த மேடை: அல்பேர்ட் பஸர்மானும் ஜேர்மன் மௌனப் படமும்

மௌனப் படம் என்றதும் நம்மிற் பலருக்கு சார்லி சப்ளினின் தொப்பியும் கைத்தடியும்தான் நினைவுக்கு வரும். அவர் நகைச்சுவை நடிகர். ஓடுவதும் விழுவதுமே அவர் மொழி. ஆனால் வசனத்தால் வாழ்ந்த ஒரு நாடக நடிகரிடம் திடீரென வசனத்தைப் பறித்துக்கொண்டால் என்ன நடக்கும்? அல்பேர்ட் பஸர்மானின் கலை வாழ்வு இக்கேள்விக்கு நல்லதொரு விடையாகும்.

பஸர்மான் 1867இல் ஜேர்மனியின் மன்ஹைம் நகரிற் பிறந்தவர். இரசாயனவியல் கற்றவர், அதை விட்டு மேடைக்கு வந்தார். பேர்லினில் ஒட்டோ பிராம் என்ற நெறியாளரிடம் இப்சனின் நாடகங்களை நடித்துப் பெயர் பெற்றார். 1909இல் மக்ஸ் ரைன்ஹார்டின் அரங்குக்கு மாறினார். அவரது குரல் இனிமையானதன்று. கரகரப்பானது, ஊர்ப் பேச்சின் சாயலும் உடையது. அந்தக் குரலைக் கொண்டே அவர் சபையைக் கட்டிப்போட்டார். 1911இல் இஃப்லாண்ட் மோதிரம் அவர் கைக்கு வந்தது. ஜேர்மன் மொழி மேடையின் சிறந்த நடிகர் என்று கருதப்படுபவர் தம் வாழ்நாள் முழுதும் வைத்திருந்து, தமக்குப் பின் உரியவரைத் தாமே குறித்துச் செல்லும் மோதிரம் அது.

அக்காலச் சினிமாவின் நிலையை இங்கே நோக்க வேண்டும். சந்தைக் கூடாரங்களிலே பிறந்த அந்தக் கலையை பேர்லின் மக்கள் ‘கின்டொப்’ என்று கேலியாக அழைத்தனர். படித்தவர்கள் ஒதுங்கிச் சென்றனர். நாடக விமர்சகர்கள் அதைப் பற்றி ஒரு வரி எழுதுவதும் இழுக்கு என நினைத்தனர். நாடக முதலாளிகளுக்கோ தம் பார்வையாளரைச் சினிமா கொண்டுபோய்விடும் என்ற அச்சம். பஸர்மானும் புகைப்படத்துக்கு நிற்கவே விரும்பாதவர் என்று பெயர் எடுத்திருந்தார். மோதிரம் பெற்ற அந்தக் கையைக் கமராவுக்கு முன் நீட்டுவது அன்று சிறிய காரியமன்று.

அவர் நீட்டினார். 1913இன் தொடக்கத்தில் மக்ஸ் மக்கின் நெறியாள்கையில் ‘மற்றையவன்’ என்ற படம் பேர்லினில் திரையிடப்பட்டது. பவுல் லிண்டாவ் எழுதிய மேடை நாடகமே அதன் மூலம். ஹல்லர்ஸ் என்னும் மதிப்புக்குரிய சட்டத்தரணி, ஒரே மனிதனுக்குள் இரண்டு ஆளுமைகள் இருக்க முடியும் என்பதைக் கேட்டு நகைக்கிறார். பிறகு குதிரையிலிருந்து விழுந்து அடிபடுகிறார். அதன்பின் இரவிலே அவருக்குள்ளிருந்து வேறொருவன் எழுகிறான். அவன் திருடன் ஒருவனோடு கூட்டுச் சேர்ந்து திருடப் புகும் வீடு ஹல்லர்ஸின் சொந்த வீடு!

பகல் மனிதன் இரவு மனிதனாக மாறும் இடந்தான் நாம் கற்க வேண்டிய பாடம். மேடையில் குரலை மாற்றினாலே பாதி வேலை முடிந்துவிடும். இங்கே அது இயலாது. இடையிடையே வரும் எழுத்து அட்டைகள் கதையைச் சொல்லுமேயன்றி மனத்தைச் சொல்லா. ஆகவே பஸர்மான் மாற்றத்தை உடலுக்குள் கொண்டுவந்தார். நிமிர்ந்த தோள்கள் தளர்கின்றன, பார்வை மங்குகிறது, நடையே வேறொருவனுடையதாகிறது. இன்றைய கண்ணுக்கு அதிற் சில அசைவுகள் மிகையாகவே படும். கடைசி வரிசைக்கும் எட்ட வேண்டும் என்ற மேடைப் பழக்கம் ஒரு படத்தோடு போய்விடுமா? ஆயினும் நாடக விமர்சகர்கள் முதன்முறையாக ஒரு படத்தை முறையாக விமர்சித்து எழுதியது இப்படத்தையே என்று திரைப்பட வரலாற்றாசிரியர் கூறுவர். சிலர் புகழ்ந்தனர், சிலர் வருந்தினர். எழுதாமல் இருக்க மட்டும் அவர்களால் முடியவில்லை. அதே ஆண்டிலே ரைன்ஹார்டின் மற்றொரு நடிகரான பவுல் வேகெனர் ‘பிராக் நகர மாணவன்’ படத்தில் நடித்தார். மேடைக்கும் திரைக்கும் இடையிலான கதவு திறந்துகொண்டது.

பஸர்மான் மேடையை விடவில்லை, திரையையும் விடவில்லை. 1922இல் ஏர்ன்ஸ்ட் லூபிற்ஷின் ‘பாரோவின் மனைவி’யில், பொக்கிஷ அறையைக் கட்டிய சிற்பி சோதிஸாக வருகிறார். அறையின் இரகசியம் வெளியே போகாதிருக்கப் பாரோ அவரது கண்களைப் பறிக்கிறான். குரல் ஏற்கெனவே இல்லை, இப்போது கண்ணும் இல்லை. ஒரு நடிகருக்கு இதைவிடக் கடினமான பரீட்சை வைக்க முடியுமா என்று எனக்குத் தோன்றுவதுண்டு. (வீட்டில் ஏதாவது ஒரு படக்காட்சியை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். எந்த நடிகர் எஞ்சுகிறார் என்பது தெரியும்.)

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். பஸர்மானின் மனைவி எல்ஸா ஒரு நடிகை; யூத இனத்தவர். பஸர்மான் மேடையில் நிற்பதற்குத் தடையில்லை. மனைவி உடன் நிற்கத்தான் தடை. அறுபத்தைந்து வயதைக் கடந்த அவர், அத்தனை புகழையும் விட்டு மனைவியோடு நாட்டைவிட்டு வெளியேறினார். 1939இல் அமெரிக்கா சேர்ந்தார்.

ஹொலிவூட்டில் அப்போது பேசும் படங்களே எடுக்கப்பட்டன, பஸர்மானுக்கோ ஆங்கிலம் வராது. மனைவியின் உதவியோடு வசனங்களை ஒலி ஒலியாக மனனம் செய்தார். ஹிட்ச்கொக்கின் ‘வெளிநாட்டு நிருபர்’ (1940) படத்தில் ஒல்லாந்து இராஜதந்திரி வான் மீராக அவர் நடித்ததற்காக, சிறந்த துணை நடிகருக்கான ஒஸ்கார் விருதுக்கு அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டது. சொற்களின் பொருளை முகமும் கைகளும் சுமந்து செல்வதை அப்படத்தில் இன்றும் காணலாம்.

மோதிரத்துக்கு உரியவர்களாக அவர் குறித்த மூவரும் அவருக்கு முன்னரே இறந்துபோயினர். மூன்றாமவரான அலெக்ஸாண்டர் மொய்ஸ்ஸி 1935இல் இறந்தபோது, அவரது பிரேதப் பெட்டியின் மீது மோதிரத்தை வைத்த பஸர்மான், நான்காவது பெயரைச் சொல்லவேயில்லை. 1952 மே மாதம் சூரிச் நோக்கிய விமானத்தில் அவர் காலமானபோது மோதிரம் ஒஸ்திரியாவிற் பாதுகாப்பில் இருந்தது.