நான்கு துண்டும் கணக்கில் வரவேண்டும்

அல்ஜீப்ரா என்னும் எழுத்துக் கணக்கைக் கண்டால் நம் பிள்ளைகளில் பலர் மிரளுகின்றனர். "இது நமக்குத் தெரியாத சங்கதி" என்று பெற்றோராகிய நாமும் ஒதுங்கிக் கொள்கிறோம். கடைத் தரையை அளக்கத் தெரிந்தவருக்கு இக்கணக்குத் தெரியாததன்று.

சதுரமான கடை ஒன்று. அதன் பக்கம் எத்தனை அடி என்பது தெரியாது. 'ப' என்று வைத்துக்கொள்வோம். அகலத்தில் 3 அடியும் நீளத்தில் 5 அடியும் கூட்டிக் கட்டுகிறோம். இப்போது தரையின் பரப்பு (ப + 3) × (ப + 5). பிள்ளை என்ன செய்கிறான்? ப-வைப் ப-வாலும், 3-ஐ 5-ஆலும் பெருக்கி, ப² + 15 என்று எழுதிவிடுகிறான்.

அவனைக் கடிந்துகொள்ள வேண்டாம். தாளில் தரையை வரைந்து காட்டுங்கள். நான்கு துண்டுகள் தெரியும்:

பழைய கடை: ப × ப = ப²
நீளத்தில் கூடியது: ப × 5 = 5ப
அகலத்தில் கூடியது: 3 × ப = 3ப
மூலைத் துண்டு: 3 × 5 = 15

இவற்றுள் 5ப, 3ப இரண்டும் ஓரினம், கூட்டினால் 8ப. மற்றவை வேறினம். வேட்டியோடு வேட்டியைக் கூட்டலாம். வேட்டியோடு குடையைக் கூட்டலாகாது அல்லவா? ஆகவே விடை ப² + 8ப + 15.

சரிபார்ப்போம். பக்கம் 10 அடியானால், 13 × 15 = 195 சதுர அடி. நம் விடையிலும் 100 + 80 + 15 = 195. பிள்ளையின் விடையோ 115. அதை நம்பித் தரைக்கு ஓடு வாங்கினால் 80 சதுர அடி வெறுந்தரையாகக் கிடக்கும்!

மனக்கணக்குக்கும் இதுவே வழி. 47 வெள்ளி வீதம் 23 உருப்படி: 40 × 20 = 800; 40 × 3 = 120; 7 × 20 = 140; 7 × 3 = 21. ஆக 1,081 வெள்ளி.

இப்படிப் படம் வரைந்து கணக்கை விளக்குவது புதிய முறையன்று. கலீபா மஃமூன் ஆட்சியில் (813–833) பக்தாதில் வாழ்ந்த அல் குவாரிஸ்மீ எழுதிய நூலின் பெயரிலுள்ள 'அல்ஜப்ர்' என்ற சொல்லே அல்ஜீப்ரா ஆயிற்று. பாகப்பிரிவினை, வியாபாரம், நில அளவை ஆகியவற்றில் மக்களுக்குப் பயன்படவே அதை எழுதியதாக அவர் முன்னுரையில் கூறுகிறார்.

அவர் தந்த கணக்கு ஒன்று: ப² + 10ப = 39. சதுரத்தின் இரு பக்கங்களிலும் 5ப, 5ப என இரு துண்டுகளை ஒட்டினார். மூலையில் 5 × 5 = 25 குறைந்தது. அதை நிரப்பியதும் 39 + 25 = 64; பெரிய சதுரத்தின் பக்கம் 8. ஒட்டிய 5-ஐக் கழித்தால் ப = 3. அவருக்கு விடை தந்தது, நம் பிள்ளை மறந்துவிடும் அதே ஓரத் துண்டுகள்தாம்.

இன்றிரவு கடையடைத்த பின் பிள்ளையுடன் அமர்ந்து (ப + 4) × (ப + 6) கணக்கை வரைந்து பாருங்கள். ப² + 10ப + 24 வந்தால், இருவரும் பாடம் கற்றவர்களே.