வாணமும் வானமும்

திருவிழாக் காலங்களில் இரவு வானை நோக்கிச் சீறியெழும் வாணத்தைக் கண்டு களியாத சிறுவர் காஞ்சி மாநகரில் இலர். நாமும் நெசவாளர் தெருவில் நின்று அதனைப் பன்முறை கண்டிருக்கின்றோம். குச்சியிற் கட்டிய அச்சிறு குழலை மேலே செலுத்துவது யாது? உள்ளே எரியும் மருந்து ஆவியாகிப் பின்னோக்கி விரைந்து பாய்கின்றது. அதற்கு எதிர்விசையாகக் குழல் முன்னோக்கித் தள்ளப்படுகின்றது. ஒவ்வொரு விசைக்கும் சமமான எதிர்விசை உண்டென நியூட்டன் 1687-இல் வெளியிட்ட நியதியே இதற்கு அடிப்படை. வாணம் எழுவதற்குக் காற்றின் துணை வேண்டுவதில்லை. ஆகலின் காற்றற்ற வெளியிலும் அது செல்லும். மனிதரை விண்ணுக்கு ஏற்றிச் செல்லும் ராக்கெட்டும் இந்நியதிக்கு உட்பட்டதேயாம். சிறு வாணம் அப்பெருநிலை எய்திய வரலாற்றையும், அதனால் நாம் பெறத்தக்க பாடத்தையும் ஈண்டு ஆராய்வோம்.

அவ்வரலாற்றின் ஓர் ஏடு நம்மூர்க்கு அருகிலேயே உள்ளது. காஞ்சியை அடுத்த புள்ளலூர், பல்லவன் மகேந்திரவர்மன் பகைவரை வென்ற இடமெனக் காசாக்குடிச் செப்பேட்டிற் குறிக்கப்பெற்ற பழம்பதி. அங்கே 1780-ஆம் ஆண்டு செப்டம்பர் 10-ஆம் நாள் ஹைதர் அலியும் திப்புவும் கர்னல் பெய்லியின் கும்பினிப் படையைச் சூழ்ந்து முறியடித்தனர். மைசூரார் அப்போரில் வாணங்களைப் படைக்கலமாக ஏவினர். கும்பினியாரின் வெடிமருந்து வண்டிகள் தீப்பற்றி வெடித்தமை அவர்தம் தோல்விக்கு ஒரு காரணமாயிற்று. அத்தீயை மூட்டியது வாணமே என்பாரும் உளர்.

மைசூர் வாணத்தின் சிறப்பு அதன் இரும்புக் குழலில் இருந்தது. காகிதக் குழலினும் மூங்கிற் குழலினும் இரும்பு மிகுந்த அழுத்தத்தைத் தாங்குமாதலின், மருந்தைச் செறித்து அடைக்க இயன்றது. வாணமும் ஒரு கிலோமீட்டருக்கு அப்பாற் சென்று வீழ்ந்தது. இந்நுட்பம் வினைஞரின் கையிலும் கண்ணிலும் வாழ்ந்த அறிவாகும். 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின், ஆங்குக் கைப்பற்றிய வாணங்கள் இங்கிலாந்தில் உள்ள வுல்விச் படைக்கலச் சாலையை அடைந்தன. வில்லியம் காங்கிரீவ் என்பவர் அவற்றை ஆராய்ந்து, பலமுறை பரிசோதித்து, தம் முறைகளை நூலாகவும் எழுதிவைத்தார். நம் நாட்டார் கையிற் பிறந்த கலை அயல்நாட்டில் ஏட்டில் ஏறிற்று.

நிற்க. ஏட்டில் ஏறிய அறிவு மேன்மேலும் வளர்ந்தது. ருஷ்ய நாட்டிலே இளமையிற் செவிப்புலன் குன்றிய பள்ளியாசிரியராகிய சியோல்கோவ்ஸ்கி, ராக்கெட்டு அடையும் வேகத்தைக் கணிக்கும் சூத்திரத்தை 1903-இல் வெளியிட்டார். பூமியைச் சுற்றிவர விநாடிக்கு ஏறத்தாழ 8 கிலோமீட்டர் வேகம் வேண்டும். எரிந்து தீர்ந்த பாகங்களை வழியிற் கழற்றிவிடும் அடுக்கு ராக்கெட்டுகளே இதற்கு ஏற்றவை. அமெரிக்கராகிய காடார்டு 1926-இல் ஏவிய முதல் திரவ எரிபொருள் ராக்கெட்டு 41 அடி உயரமே எழுந்தது. ஆயினும் 1957-இல் ஸ்புட்னிக் விண்ணேறியது. 1961-இல் யூரி ககாரின் பூமியைச் சுற்றி வந்தார். 1969-இல் மனிதர் சந்திரனில் அடிவைத்தனர். இம்முயற்சி உயிர்ப்பலியும் கொண்டது. 2003-இல் கொலம்பியா ஓடம் சிதைந்தபோது மாண்ட எழுவருள் கல்பனா சாவ்லாவும் ஒருவர்.

இனி, நம் நாட்டிற்கு மீள்வோம். திருவனந்தபுரத்தை அடுத்த தும்பையில் ஏவுதளம் அமைக்க விக்ரம் சாராபாய் விரும்பிய இடத்தில் மரிய மகதலேனாள் ஆலயம் இருந்தது. ஆயர் பெரைராவும் சபை மக்களும் அதனை மனமுவந்து அளித்தனர். 1963-ஆம் ஆண்டு நவம்பர் 21-ஆம் நாள் அங்கிருந்து முதல் ராக்கெட்டு எழுந்தது. அஃது அமெரிக்காவில் செய்யப்பட்டது. பதினேழு ஆண்டுகள் கழித்து, இராமேசுவரத்தில் தோன்றிய அப்துல் கலாம் தலைமையில் உருவான எஸ். எல். வி. 3, ரோகிணியை விண்ணில் நிறுத்தியது. 1984-இல் ராகேஷ் சர்மா ருஷ்யக் கலத்திற் சென்றார். 2023-ஆம் ஆண்டு ஆகஸ்டு 23-ஆம் நாள், விழுப்புரத்து வீரமுத்துவேல் திட்ட இயக்குநராக இருந்த சந்திரயான் 3, சந்திரனின் தென்முனைப் பகுதியில் இறங்கிற்று. குலசேகரன்பட்டினத்தில் புதிய ஏவுதளத்திற்கு 2024-இல் அடிக்கல் நாட்டப்பெற்றது.

புள்ளலூரில் எழுந்த வாணம் நம்மவர் ஆராய்ச்சியாய்த் திரும்பி வர ஏறத்தாழ இருநூறாண்டுகள் சென்றன. இதனை நினைக்குந்தோறும் நம் தெருவின் தறிகள் நம் கண்முன் நிற்கின்றன. உடலுக்கு ஒரு நிறமும் கரைக்கு வேறொரு நிறமும் அமைத்து, இரண்டையும் பிரியாது பிணைக்கும் கோர்வை வேலையை நம் முதியோர் கைப்பழக்கத்தால் அறிவர். சாயம் காய்ச்சும் பதத்தைக் கண்ணால் அளப்பர். அவர்தம் மக்களோ தறியை விட்டு வேறு தொழில் நாடுகின்றனர். கையறிவு, கற்பார் இல்லையாயின், கையோடு மறையும்.

ஆகலின், தமிழ் பயிலும் நம்மனோர்க்கு ஒரு கடமை உண்டு. முதியோர்பாற் சென்று, அவர் செய்வதை அளந்து, அதன் காரணத்தை வினவி, எளிய தமிழில் எழுதி வைப்போமாக. விடுமுறை நாளில் ஒரு தறியின் அருகே ஏட்டுடன் அமர்வதே அதற்கு நற்றொடக்கமாம்.