கீழ்வாய்க் கணக்கு

நுழையும்முன்

பின்னத்தைப் பின்னத்தால் பெருக்கி, விடையைச் சுருக்கி எழுதுதல் நீங்கள் முன்பே கற்ற கணக்குதான். பின்னம் ஒவ்வொன்றுக்கும் தமிழில் தனிப்பெயர் வழங்கிய காலத்தில் அக்கணக்கு எவ்வாறு நடைபெற்றது? சேர்வராயன் மலையின் காபிக்கொட்டை ஒன்றைக் கையில் எடுத்துக்கொண்டு இப்பாடம் அதனை ஆராய்கிறது.

காபியும் பின்னமும்

ஏற்காட்டின் சரிவுகளில் சில்வர் ஓக் மரங்களின் நிழலில் காபிச்செடிகள் வளர்கின்றன. அம்மரங்களின்மீது மிளகுக்கொடி படர்ந்திருக்கும். 1820-களில் சேலம் மாவட்ட ஆட்சியராக இருந்த எம். டி. காக்பர்ன் இம்மலைக்குக் காபியைக் கொண்டுவந்தார் என்பர். செடியிலிருந்து பறித்த சிவந்த பழத்தின் தோலை நீக்கி, நொதிக்கவிட்டு, கழுவி, வெயிலில் உலர்த்தினால் மெல்லிய உறையோடு கூடிய கொட்டை கிடைக்கும். வணிகர் இதனைப் பார்ச்மென்ட் என்பர். இதன் எடை பழத்தின் எடையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு. உறையையும் நீக்கினால் அதிலும் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கே எஞ்சும். எனவே, பழத்தில் கொட்டையின் பங்கு 1/5 × 4/5 = 4/25. தொகுதிக்கும் பகுதிக்கும் பொதுக்காரணி இல்லாமையால் இதற்குமேல் சுருங்காது. நம் கணக்கு இங்கு முடிந்துவிடுகிறது. திண்ணைப் பள்ளியில் எண்சுவடி பயின்ற மாணவனுக்கோ இங்குத்தான் வேலை தொடங்கும்.

பெயருள் பொதிந்த கணக்கு

ஒன்றுக்கு மேற்பட்ட எண்களை மேல்வாய் இலக்கம் என்றும், ஒன்றுக்குக் கீழ்ப்பட்டவற்றைக் கீழ்வாய் இலக்கம் என்றும் நம் முன்னோர் வழங்கினர். முக்கால், அரை, கால், அரைக்கால் ஆகியவற்றை இன்றும் நாம் அறிவோம். இவற்றோடு நாலுமா (1/5), மும்மா (3/20), இருமா (1/10), மாகாணி (1/16), மா (1/20), அரைமா (1/40), காணி (1/80), அரைக்காணி (1/160), முந்திரி (1/320) எனப் பெயர்கள் நிரல்பட அமைந்துள்ளன. மாகாணிக்கு வீசம் என்றும் பெயருண்டு.

பெயர்களைச் சற்றே பிரித்துப் பாருங்கள். அரைக்கால் என்பது காலில் அரை; அதாவது 1/2 × 1/4. பெருக்கலே பெயராகி நிற்கிறது. மாகாணியோ மாவும் காணியும் கூடியது: 1/20 + 1/80 = 5/80 = 1/16. ஒரு சொல்லுக்குள் கூட்டலும் சுருக்கலும் அடங்கியிருப்பதை எண்ணி வியவாமல் இருக்க இயலவில்லை.

முந்திரிக்கு 320 என்னும் பகுதி எதற்காக? பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டே சென்றால் 2, 4, 8, 16 என்னும் பகுதிகள் வரும். ஒரு வேலி நிலத்துக்கு இருபது மா என்பது போல இருபதாகப் பிரித்தால் 20, 40, 80, 160 என்பன வரும். இவ்விரு குடும்பங்களுக்கும் இடங்கொடுப்பது 320. காலுக்கு 80 முந்திரி, மாகாணிக்கு 20, மாவுக்கு 16, காணிக்கு 4 என மேற்கூறிய பின்னங்கள் யாவும் முந்திரியின் முழு மடங்குகளாகவே அமைகின்றன.

பெருக்கலும் சுருக்கலும்

முக்காலை நாலுமாவால் பெருக்கினால் 3/4 × 1/5 = 3/20; அது மும்மா. முக்காலை முக்காலால் பெருக்க 9/16. அதற்குத் தனிப்பெயர் இல்லை. ஆயினும் 8/16-உம் 1/16-உமாகப் பிரித்து அரையே வீசம் எனலாம். எண்சுவடி வாய்பாடுகளை மனப்பாடம் செய்த மாணவன் தொகுதி, பகுதி என்று எண்ணுவதில்லை. விடையைப் பெயராகவே சொல்வான். தெரிந்த பெயரில் வந்து நிற்பதே அவனுக்குச் சுருக்கல்.

தோட்டம் ஒன்றில் முக்காலே ஒரு மா பரப்பில், அதாவது 3/4 + 1/20 = 4/5 பங்கில், காபி நிற்பதாகக் கொள்வோம். அப்பரப்பில் அரையே அரைக்கால் (5/8) காய்க்கும் பருவத்தது எனில், 4/5 × 5/8 என்பதில் ஐந்தை ஐந்தாலும், நான்கையும் எட்டையும் நான்காலும் முன்னரே அடித்துவிடலாம். எஞ்சுவது 1/2. தோட்டத்தில் சரிபாதி காய்க்கிறது. பெருக்கிய பின் சுருக்குவதைவிடச் சுருக்கிய பின் பெருக்குவது எளிது.

இனி, நாம் விட்டுவந்த 4/25-க்குத் திரும்புவோம். அதில் மும்மாவைக் கழித்தால் எஞ்சுவது 1/100. இது மூன்று முந்திரியும் ஒரு முந்திரியில் ஐந்தில் ஒரு பங்குமாகும். மூன்று முந்திரி என்பது அரைக்காணியும் முந்திரியும் சேர்ந்தது. முந்திரியைவிடச் சிறிய அந்த மிச்சத்தை என்ன செய்வது? முந்திரியையே ஒன்றாகக் கொண்டு, அதற்குக் கீழும் அதே பெயர் வரிசையை மீண்டும் தொடங்கினர். முன்னே ‘கீழ்’ என்னும் சொல்லைச் சேர்த்தனர். முந்திரியில் நாலுமா, கீழ் நாலுமா. ஆகவே விடை: மும்மா அரைக்காணி முந்திரி, கீழ் நாலுமா.

இவ்வளவு நுணுக்கம் வேண்டுமா என்று தோன்றலாம். கீழ் நாலுமா என்பது 1/1600. அதனைப் புறக்கணித்தால், பதினாறு டன் பழத்துக்குப் பத்துக் கிலோ கொட்டை கணக்கிலிருந்து மறைந்துவிடும். மறைவது விற்பவர் பங்கிலா, வாங்குபவர் பங்கிலா என்பதே கேள்வி.

ரூபாய்க்குப் பதினாறு அணா இருந்தவரை வீசம் கடைத்தெருவில் உயிரோடிருந்தது. ஓர் அணா என்பது ரூபாயில் ஒரு வீசம். 1957 ஏப்ரல் முதல் நாள் ரூபாய் நூறு பைசாவாக மாறியபின் வீசத்துக்கு அங்கு வேலை இல்லாமற்போயிற்று. நூறில் ஒன்றைக் கீழ்வாய் இலக்கத்தில் சொல்வது எத்துணைச் சுற்றுவழி என்பதைக் காபிக்கணக்கிலேயே கண்டோம்.

நிலக்கணக்கில் இந்நுணுக்கம் இன்னும் ஆழமாகச் சென்றது. முதலாம் இராசராசன் காலத்துத் தஞ்சைக் கல்வெட்டுகளைப் படித்த அறிஞர்கள், ஒரு வேலியில் 5242 கோடியே 88 இலட்சத்தில் ஒரு பங்குவரை நிலம் கணக்கிடப்பட்டதைச் சுட்டியுள்ளனர். இத்துணைச் சிறு துண்டை எந்தக் கோலாலும் அளந்திருக்க இயலாது; பின்னங்களைப் பின்னங்களால் பெருக்கும்போதுதான் இத்தகைய எண் தோன்றும். அதனைக் காரணிப்படுத்திப் பாருங்கள்: 320-ஐ நான்கு முறை தன்னுடன் பெருக்கி, ஐந்தால் பெருக்கினால் அப்பகுதி கிடைக்கும். நான்கு அடுக்குக் கீழே இறங்கி நிற்கும் அதே நாலுமா.