தலைத்தோலில் விழும் மடிப்புகள்

அளவெட்டி

அன்புள்ள மருமகனுக்கு,

நீ அனுப்பிய படங்களைப் பார்த்தேன். சலூனில் மெஷின் போட்டு ஒட்ட வெட்டிய பிறகுதான் உச்சியிலிருந்து பிடரிப் பக்கமாக நாலைந்து மடிப்புகள் ஓடுவது தெரிந்தது என்கிறாய். மேட்டில் மயிர் ஐதாகவும் பள்ளத்தில் அடர்த்தியாகவும் இருப்பதால் தலை வரிவரியாய்த் தெரிகிறது. அக்கா அதைக் கண்டுவிட்டு மூளை வீங்கிவிட்டதென்று அழுதாளாம். முதலில் அவளைத் தேற்று. பார்வைக்கு மூளையின் மடிப்புப் போல இருந்தாலும் இடையில் மண்டையோடு இருக்கிறது. தடித்திருப்பது தோல் மட்டுந்தான்.

படத்தைப் பார்த்து நோய் சொல்ல நான் டொக்டர் இல்லை. ஆனால் நீயே ஒன்று செய்து பார்க்கலாம். இரண்டு கை விரல்களையும் மடிப்பின் இருபுறமும் வைத்துத் தோலை விலக்கி இழு. சும்மா தளர்ந்து மடிந்த தோலென்றால் சமமாகிவிடும். எவ்வளவு இழுத்தாலும் அழுத்தினாலும் பள்ளம் பள்ளமாகவே நின்றால், அது கியூட்டிஸ் வெர்டிசிஸ் கைரேட்டா என்கிற அரிய நிலையாக இருக்கலாம். பாரிஸில் தோல் மருத்துவர் அலிபேர் 1837இலேயே இதைப் பற்றிக் குறிப்பிட்டிருக்கிறார். இன்றைய பெயரை 1907இல் இட்டவர் ஜெர்மனியின் உன்னா. மானிப்பாயில் தமிழில் மருத்துவம் படிப்பித்த டொக்டர் கிறீன் யாழ்ப்பாணம் வந்ததே அலிபேர் குறிப்பிட்டுப் பத்து வருடம் கழித்து, 1847இல்தான். ஆக, வியாதி புதிதல்ல, எங்கள் ஊருக்குத்தான் புதிது. ஆண்களில் இலட்சத்துக்கு ஒருவருக்கு என்று ஒரு மதிப்பீடு உண்டு. பெண்களில் அதைவிட மிகக் குறைவு. பெரும்பாலும் பருவமடைந்த பின், முப்பது வயதுக்குள் வெளிப்படும். உன் வயது அதற்குள்தான் அடங்குகிறது.

இனி, கவனமாக வாசிக்க வேண்டிய இடம். சிலருக்கு இது தனியே வரும். வேறு எந்தக் கோளாறும் இராது. வேறு சிலருக்கு வலிப்பு, கண் கோளாறு, மூளை வளர்ச்சிக் குறைபாடு ஆகியவற்றோடு சேர்ந்து காணப்படும். இன்னும் சிலருக்கு உடம்பில் எங்கோ நடக்கிற ஒன்றின் அடையாளமாக வரும். அதனால் தலையையே கண்ணாடியில் பார்த்துக்கொண்டிராமல் கையையும் காலையும் பார். மோதிரம் இறுகுகிறதா? செருப்பின் அளவு கூடிவிட்டதா? கீழ்த்தாடை முன்தள்ளுகிறதா? பிட்யூட்டரி சுரப்பி வளர்ச்சி ஹோர்மோனை அளவுமீறிச் சுரந்தால் இப்படி ஆகும். இரத்தப் பரிசோதனையில் பிடிபடும். விரல் நுனிகள் உருண்டு தடித்து, நெற்றியிலும் ஆழமான கோடுகள் விழுந்தால் அது வேறொரு நோய். தைரொயிட் குறைபாட்டிலும் மடிப்பு வரலாம். தசை திரட்டுவதற்கு ஜிம்மில் ஸ்டீராய்டு ஊசி போடுகிறவர்களிடமும் கண்டிருக்கிறார்கள். நீ ஜிம்முக்குப் போகிறாய் என்று தெரியும். ஊசி எதுவும் போட்டிருந்தால் அம்மாவுக்கு மறைத்தாலும் டொக்டருக்கு மறைக்காதே.

மடிப்பு ஒரு பக்கத்தில் மட்டும், சின்ன வயதிலிருந்தே இருந்தால் அது மச்ச வகையாக இருக்கக்கூடும். அது அரிதாகப் புற்றாக மாறலாம் என்பதால் அவசரம் அதிகம். உன்னுடையது இருபுறமும் ஒரே மாதிரி இருப்பதாகப் படுகிறது.

பொதுவாக நோவு இராது. தொல்லை தருவது பள்ளந்தான். வியர்வை, எண்ணெய்ப்பசை, தோட்டத்துச் செம்மண் தூசி எல்லாம் அதற்குள் தங்கி, தோல் ஊறி, மணக்கவும் சொறியவும் தொடங்கும். தோயும்போது விரல் நுனியால் ஒவ்வொரு பள்ளத்தையும் தனித்தனியே கழுவு. நகம் படக்கூடாது. ஷாம்புவோ சவர்க்காரமோ உள்ளே தங்காமல் நன்றாக அலசு. பிறகு துவாயின் ஓரத்தை உள்ளே ஒற்றி ஈரத்தை எடு. இதைத்தான் பலர் விட்டுவிடுகிறார்கள். அம்மம்மாவின் தேசிக்காய், எண்ணெய் முழுக்கு எல்லாம் கொஞ்சக்காலம் வேண்டாம். வெடித்த தோலில் தேசிக்காய் எரியும், எண்ணெய் பள்ளத்தில் தேங்கும். சிவந்து நீர் கசிந்தால் உடனே காட்டு.

மடிப்பை அடியோடு மறைக்கிற பூச்சு எதுவும் கிடையாது. தோற்றம் மனதை மிகவும் உறுத்தினால் மடிப்பை வெட்டியெடுத்துத் தைக்கும் சத்திரசிகிச்சை உண்டு. மடிப்புகள் பரவியிருந்தால் அது இலேசான வேலையல்ல. தழும்பும் நிற்கும். நானென்றால் மயிரைக் கொஞ்சம் வளரவிட்டுப் பார்ப்பேன்.

யாழ்ப்பாணம் பெரியாஸ்பத்திரித் தோல் கிளினிக்கில் காட்டு. போகும்போது பதினாறு வயதில் அடையாள அட்டைக்கு எடுத்த படத்தையும் கொண்டுபோ. முகம் மாறியிருக்கிறதா என்று டொக்டர் ஒப்பிட்டுப் பார்க்க அது உதவும்.

அன்புடன்,
மாமா