முதலைத் தோலும் வேட்டையின் வரம்பும்

தியாகராய நகரில் வசிக்கும் எங்கள் மாமி ஒருவர், சென்ற ரமலானுக்குச் சில நாட்கள் முன்பு ஒரு கைப்பையைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தார்கள். "தம்பி, இது முதலைத் தோலாம். சிங்கப்பூரிலிருந்து மருமகன் அனுப்பியிருக்கிறார். இதைத் தோளில் மாட்டிக்கொண்டு தொழலாமா? அதற்கு முன்னால், இப்படி ஒரு பிராணியைக் கொன்று பை தைப்பதே கூடுமா, அதைச் சொல்லுங்கள்" என்றார்கள்.

முதல் கேள்விக்குப் பதில் எளிது. முதலையின் இறைச்சி நம் தமிழகத்தில் உள்ள ஷாஃபிஈ, ஹனஃபி இரு மத்ஹபினருக்கும் ஹராம். நீர்வாழ் பிராணிகளில் மீன் இனத்தை மட்டுமே ஹனஃபி மத்ஹபு ஆகுமாக்குகிறது. நீரிலும் நிலத்திலும் வாழ்வது, கோரைப்பல்லால் தாக்குவது என்ற காரணங்களால் ஷாஃபிஈ மத்ஹபில் அது விலக்கப்பட்டது. மாலிக்கீ மத்ஹபினர் மட்டும் அனுமதிக்கிறார்கள். ஆனால் தோலின் சட்டம் வேறு. பதனிடப்பட்ட தோல் தூய்மையாகிவிடும் என்பது ஹதீஸ்களால் நிலைபெற்றது. ஷாஃபிஈ மத்ஹபில் நாய், பன்றி இரண்டின் தோலுக்கு மட்டுமே இதில் விலக்கு. ஹனஃபி மத்ஹபில் பன்றிக்கு விலக்கு உண்டு. மனிதத் தோல் கண்ணியம் கருதி தடுக்கப்பட்டது. ஆகவே நன்கு பதனிட்ட முதலைத் தோல் பையோடு தொழுதால் தொழுகை கூடும்.

இரண்டாவது கேள்விதான் பெரியது. அதற்கு விடை தேட மாமி வீட்டிலிருந்து வெகுதூரம் போக வேண்டியதில்லை. அடையாறிலிருந்து கிண்டிக்குப் போகும் சர்தார் படேல் சாலையில் 1948-ல் நிறுவப்பட்ட மத்தியத் தோல் ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு தோல் மண்டிகளோடு தொடர்புள்ள நம் குடும்பங்களில் அந்தப் பெயரைக் கேள்விப்படாதவர் குறைவு. அதே சாலையில் சற்றுத் தள்ளி, 1972 முதல் கிண்டியில் இருந்துவரும் பாம்புப் பண்ணை. நம் பிள்ளைகள் முதலையை முதன்முதலில் கண்டு அலறிய இடம் பெரும்பாலும் அதுவாகத்தான் இருக்கும். தோலை ஆராயும் இடமும் தோலுக்குரிய உயிரைக் காக்கும் இடமும் ஒரே சாலையில் அமைந்திருப்பது எனக்கு எப்போதும் ஒரு வியப்பு.

பாம்புப் பண்ணையைத் தொடங்கிய ரோமுலஸ் விட்டேக்கர்தான் 1976-ல் மாமல்லபுரம் போகும் வழியில் வடநெம்மேலியில் முதலைப் பண்ணையையும் அமைத்தார். அப்போது நிலைமை மோசம். சதுப்பு முதலை, உவர்நீர் முதலை, கங்கைக் கரியால் என இந்தியாவில் உள்ள மூன்று இனங்களும் தோலுக்காக வேட்டையாடப்பட்டு அருகிவிட்டன. 1972-ம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வேட்டையைத் தடுத்தது. 1975-ல் மத்திய அரசு முதலைப் பாதுகாப்புத் திட்டம் ஒன்றைத் தொடங்கியது. முட்டைகளைச் சேகரித்து, குஞ்சு பொரிக்கவைத்து, ஓரளவு வளர்ந்தபின் ஆற்றில் விடும் வேலை அது. ஒரிஸ்ஸாவின் பிதர்கனிகாவில் அந்நாளில் நூற்றுக்கும் குறைவாக எண்ணப்பட்ட உவர்நீர் முதலைகள் இன்று 1,800-ஐ ஒட்டி நிற்கின்றன.

வடநெம்மேலியில் பிரச்சினை நேர்மாறாகப் போயிற்று. சதுப்பு முதலைகள் பல்கிப் பெருகின. விடுவதற்கு ஆறுகளில் இடமில்லை. முட்டைகளை அழிக்க வேண்டியதாயிற்று. மிகுதியாக இருந்தவற்றில் 1,000 முதலைகளைக் குஜராத்தின் ஜாம்நகருக்கு அனுப்பும் ஏற்பாட்டை எதிர்த்த வழக்கு, 2022-ல் சென்னை உயர்நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. மிகுந்ததைத் தோலுக்காக வளர்க்கலாமே, அதில் வரும் பணம் காட்டைக் காக்குமே என்று விட்டேக்கர் போன்றவர்களே வாதாடியதுண்டு. இந்திய அரசு இசையவில்லை.

அமெரிக்கா வேறு வழியில் போயிற்று. அங்குள்ளது அலிகேட்டர். நாம் அதையும் முதலை என்றே சொல்கிறோம். ஆனால் மூக்கு அகன்று வட்டமாயிருக்கும், வாய் மூடினால் கீழ்ப்பற்கள் வெளியே தெரியா. லூசியானா மாநிலம் 1962-ல் அதன் வேட்டையை அடியோடு நிறுத்தியது. பத்தாண்டு பொறுத்திருந்து, 1972-ல் ஒரு பகுதியில் மட்டும் திறந்தது. சதுப்பு நிலத்தின் அளவைக் கணக்கிட்டு, இத்தனைதான் என்று எண்ணி, அத்தனைக்கு மட்டும் சீட்டு கொடுப்பார்கள். கொன்ற ஒவ்வொன்றிலும் அந்தச் சீட்டு பூட்டப்பட வேண்டும். சீட்டில்லாத தோலை விற்க முடியாது. 1967-ல் அழிவின் விளிம்பில் உள்ளது என்று பட்டியலிடப்பட்ட அலிகேட்டர், 1987-ல் மீண்டுவிட்டதாக அறிவிக்கப்பட்டது.

இங்கே ஒரு குறையும் உண்டு. பரிசு வேட்டை. 2014 ஆகஸ்டில் அலபாமா மாநிலத்தில் உரிமம் பெற்ற ஒரு குடும்பத்தார் ஓர் ஓடையில் இரவெல்லாம் போராடி 15 அடி 9 அங்குல நீளமுள்ள அலிகேட்டரைப் பிடித்தார்கள். எடை சுமார் 459 கிலோ. உலகச் சாதனை என்று பத்திரிகைகள் கொண்டாடின. சட்டப்படி அதில் தவறில்லை. ஆனால் அவ்வளவு பெரிதாக வளர எத்தனை பத்தாண்டு ஆகியிருக்கும்! பப்புவா நியூகினியில் சட்டம் இதற்கு எதிர்த்திசையில் நிற்கிறது. வயிற்றுத் தோலின் அகலம் 20 அங்குலத்துக்கு மேற்பட்டால் விற்கக் கூடாது. 7 அங்குலத்துக்குக் குறைந்தாலும் கூடாது. குஞ்சு வளரட்டும், முட்டையிடும் பெரியது வாழட்டும், இடைப்பட்டதில் மனிதன் தன் தேவையை எடுத்துக்கொள்ளட்டும் என்பது கணக்கு. இரண்டில் எனக்குப் பிடித்தது இதுதான்.

பெரியதைக் காணும் ஆசை தீர வேண்டுமானால் உயிரோடே காணலாம். வடநெம்மேலியில் ஜாஸ் 3 என்று பெயரிடப்பட்ட உவர்நீர் முதலை 16 அடிக்கு மேல் வளர்ந்தது. பார்க்கப் போனவர்கள் வேலிக்கு வெளியே நின்றும் ஓரடி பின்வாங்கினார்கள். பிலிப்பைன்ஸில் 2011-ல் பிடிபட்ட லோலோங் 20 அடி 3 அங்குலம், ஆயிரம் கிலோவுக்கு மேல். 2013 பிப்ரவரியில் அது தொட்டியிலேயே இறந்துபோயிற்று.

வேட்டைக்குக் காலமும் இடமும் வரையறுப்பது இன்றைய அரசுகள் கண்டுபிடித்த புதுமை என்று நம் பிள்ளைகள் எண்ணக் கூடாது. அல்மாயிதா அத்தியாயத்தின் 94 முதல் 96 வரையுள்ள வசனங்களை எடுத்துப் பாருங்கள். இஹ்ராம் கட்டியவருக்குத் தரை வேட்டை தடை. கடல் வேட்டை ஆகும். வேட்டைப் பிராணி கைக்கும் ஈட்டிக்கும் எட்டும் தூரத்தில் வந்து நிற்கும், அதுதான் சோதனை என்று அங்கே சொல்லப்படுகிறது. வேண்டுமென்றே கொன்றவர் ஈடு கொடுக்க வேண்டும். அது எவ்வளவு என்பதை நேர்மையான இருவர் தீர்மானிக்க வேண்டும். மக்காவின் ஹரம் எல்லைக்குள் எந்தக் காலத்திலும் எவரும் வேட்டையாடக் கூடாது. பிராணியை விரட்டவும் கூடாது. நிலத்திலும் நீரிலும் வாழ்வதை ஷாஃபிஈ ஃபகீஹ்கள் இந்தத் தடையில் தரைப் பிராணியின் கணக்கிலேயே சேர்த்தார்கள். இனி, உயிருள்ள ஒன்றைக் குறியாக நிறுத்தி எய்வதை நபி (ஸல்) அவர்கள் தடுத்ததை ஸஹீஹ் முஸ்லிமில் காணலாம். தேவைக்கு வேட்டையாடுவதற்கும், அளவெடுத்துப் படம்பிடித்துக்கொள்வதற்காகக் கொல்வதற்கும் உள்ள தூரத்தை இதைக் கொண்டே அளக்கலாம்.

ஆனால் தடை போடுவதோடு காரியம் முடிந்துவிடாது. பாம்புத் தோல் ஏற்றுமதி 1976-ல் நின்றபோது, தோல் வியாபாரிகளுக்குப் பாம்பு பிடித்துக் கொடுத்துப் பிழைத்த செங்கற்பட்டு வட்டார இருளர்களின் அடுப்பும் சேர்ந்தே அணைந்தது. அவர்கள் பிடித்தது எலி தின்னும் பாம்புகளை. லாபம் கண்டது வேறு யாரோ. 1978-ல் அவர்களுக்காக இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் அமைந்தது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கையும் அரசு அனுமதிக்கும் எண்ணிக்கையில் பிடித்து, சில வாரம் வைத்து விஷம் எடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டு மீண்டும் காட்டில் விடுகிறார்கள். பாம்புக்கடி மருந்து அதிலிருந்தே பிறக்கிறது. பிடிப்பவரும் பிழைக்கிறார், பாம்பும் பிழைக்கிறது. முதலைக்கு இப்படி ஒரு வழியை நாம் இன்னும் காணவில்லை.

இதற்கிடையே முதலைகள் நம்மைத் தேடி வரவும் செய்கின்றன. 2023 டிசம்பர் மிக்ஜாம் புயல் மழையில், பெருங்களத்தூர் பக்கம் ஒரு சதுப்பு முதலை இரவில் சாலையைக் கடந்த காட்சியைப் பலரும் பார்த்திருப்பீர்கள். நெடுங்குன்றம் ஏரிப் பக்கம் அவை இருப்பது அவ்வூராருக்குப் பழைய செய்தி. அப்படி ஒன்றைக் கண்டால் கல்லெறியாமல், பிள்ளைகளை உள்ளே அழைத்துக்கொண்டு வனத்துறைக்குச் சொல்லுங்கள். ஆபத்தான விலங்கைக் கொல்ல அனுமதி தரும் அதிகாரம்கூடத் தலைமை வன உயிரினக் காப்பாளருக்கே உண்டு.

மாமியின் பைக்குள் மடித்துவைத்த ஒரு சீட்டு இருந்தது. விரித்துப் பார்த்தேன்; அமெரிக்க அலிகேட்டர் என்று எழுதி ஓர் எண்ணும் இருந்தது. எங்கோ ஒரு சதுப்பில் எண்ணிக் கொடுத்த கணக்கில் வந்த தோல். "சீட்டைத் தொலைத்துவிடாதீர்கள் மாமி, பையோடேயே இருக்கட்டும்" என்றேன். மாமி சீட்டைத் திரும்பவும் நான்காக மடித்து உள்ளறையில் வைத்துவிட்டு, "அப்படியானால் சீட்டில்லாமல் ஒன்று கொண்டுவருகிறேன் என்று இளைய மருமகன் சொல்கிறாரே, அதை வேண்டாம் என்று இன்றைக்கே எழுதிவிடுகிறேன்" என்றார்கள்.