படப்பெட்டிக்குச் சுங்கம்

அன்புள்ள கயல்விழி,

வெளிநாட்டில் எடுக்கும் படங்களுக்கு 100 விழுக்காடு வரி என்று 2025 மே மாதம் அமெரிக்க அதிபர் டிரம்ப் அறிவித்ததைக் குறிப்பிட்டு, ‘எஃகுக்குப் போடுகிற வரியைப் படத்துக்கும் போட்டால் உள்நாட்டுத் தொழில் வளராதா?’ என்று கேட்டிருந்தாய். விவரம் தெரிந்தவர்களே இப்படிப் பேசுவது எனக்கு எரிச்சலூட்டுகிறது. எஃகின் விலை துறைமுகத்திலேயே தெரிந்துவிடும். படத்தின் மதிப்போ டிக்கெட் விற்ற பிறகுதான் தெரியும். பெட்டியில் வந்த காலத்திலேயே சுங்க அதிகாரியின் கண்ணுக்குச் சில ரீல்கள்தான் தெரிந்தன; இன்று அந்த ரீலும் இல்லை.

பிரிட்டன் இதை 1947இல் பட்டுத் தெரிந்துகொண்டது. போருக்குப் பின் டாலர் கையிருப்பு கரைந்துகொண்டிருந்தது. இறக்குமதிப் படம் ஈட்டக்கூடிய தொகையை முன்கூட்டியே மதிப்பிட்டு, அதில் 75 விழுக்காட்டைத் தீர்வையாக எடுத்துக்கொள்ள நிதியமைச்சர் ஹியூ டால்ட்டன் ஆகஸ்டில் முடிவு செய்தார். ஹாலிவுட் உடனே புதுப்படம் அனுப்புவதை நிறுத்தியது. ஆனால் முன்பே வந்திறங்கிய படங்களுக்குத் தீர்வை கிடையாது. அவையும் மறுவெளியீடுகளும் ஓடின. வசூல் டாலராக வெளியேறிக்கொண்டே இருந்தது. இதற்கிடையில், காலியான திரைகளை நிரப்ப பிரிட்டனின் பெரிய படத் தயாரிப்பாளர் ஜே. ஆர்தர் ரேங்க் பெரும்பணம் போட்டுப் படமெடுத்தார். 1948 மார்ச்சில் வர்த்தக வாரியத் தலைவர் ஹரால்டு வில்சன் அமெரிக்கர்களோடு உடன்பாடு செய்து தீர்வையை விலக்கிக்கொண்டதும், தேங்கிக் கிடந்த ஹாலிவுட் படங்கள் மொத்தமாக வந்து குவிந்தன. ரேங்க் பெரும் நட்டத்தில் விழுந்தார். யாரைக் காப்பாற்றும் என்று நம்பினார்களோ, அவரையே அந்த வரி வீழ்த்தியது.

‘அதன் பிறகு டிஸ்னி பிரிட்டனுக்கே வந்து, 1950இல் வெளியான “டிரெஷர் ஐலண்ட்” படத்தை எடுத்ததே?’ என்பாய். எடுத்தது, ஆனால் அது தீர்வையின் பலன் அன்று. ஹாலிவுட் ஆண்டுக்கு ஏறத்தாழ 1.7 கோடி டாலர்தான் கொண்டுபோகலாம், மிச்சத்தைப் பிரிட்டனிலேயே செலவழிக்க வேண்டும் என்ற உடன்பாட்டின் பலன். வணிகத்தைத் தடையில்லாமல் நடத்தவென்றே 1947இல் எழுதிய காட் ஒப்பந்தமும், தன் 4ஆம் பிரிவில், உள்நாட்டுப் படங்களுக்குத் திரை நேரம் ஒதுக்க இடம் கொடுத்தது. தென் கொரியா 2006 வரை ஆண்டுக்கு 146 நாள் அப்படி ஒதுக்கியது. பிறகு 73 நாளாகக் குறைத்தது. ஒதுக்கீட்டை நம்பி மட்டமான படங்களும் வரும். பிரிட்டனில் ஒதுக்கீடு கொண்டுவந்த 1927ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பின் வந்தன. ஆனாலும் ஒதுக்கீடு படம் ஓடும் இடத்தில் வேலை செய்கிறது. சுங்கமோ படம் இல்லாத இடத்தில் அதைத் தேடுகிறது.

இனி யாராவது படத்துக்கு இறக்குமதி வரி வேண்டும் என்று வாதிட்டால், எந்த இடத்தில், எந்த விலையின் மேல் என்று முதலில் கேள்.

அன்புடன்,
உன் ஆசிரியர்