சுரம் பிறழ்ந்தால் சிரிப்பு

கேள்வி: பண்டைய கிரேக்கர்களின் சொல் விளையாட்டு எத்தகையது?

பதில்: அது பெரும்பாலும் செவிக்குரியது. பண்டைய கிரேக்கம் சுர அழுத்தம் உடைய மொழி. அதாவது, அசையை ஒலிக்கும்போது குரல் ஏறுவதும் ஏறி இறங்குவதும் பொருளையே மாற்றக்கூடும். கி.மு. 408இல் நாடகாசிரியர் யூரிப்பிடீஸின் ‘ஒரெஸ்டீஸ்’ நாடகம் ஏதென்ஸில் அரங்கேறியபோது, பித்துத் தெளிந்த நாயகனாக நடித்த ஹெகெலோகஸ், புயலுக்குப் பின் மீண்டும் கடலமைதியைக் காண்பதாகச் சொல்ல வேண்டியிருந்தது. அமைதியைக் குறிக்கும் சொல், அடுத்த சொல்லின் உயிரெழுத்துக்கு முன் தன் ஈற்றுயிர் கெட்டு ‘கலேன்’ என நின்றது; அதனை ஏறும் சுரத்தில் ஒலிக்காமல் ஏறி இறங்கும் சுரத்தில் அவர் ஒலித்துவிட்டதால், கீரியை ஒத்த ஒரு சிறு விலங்கைக் காண்பதாக அவையோர்க்குக் கேட்டது. இப்பிழையை அங்கத நாடகாசிரியர் அரிஸ்டோஃபனீஸ் கி.மு. 405இல் ‘தவளைகள்’ நாடகத்தில் எள்ளியதோடு, ஸ்ட்ராட்டிஸ், சன்னிரியோன் ஆகிய அங்கத நாடகாசிரியர்களும் விட்டுவைக்கவில்லை.

பேச்சுக் குறையும் இவ்வாறே கருவியாயிற்று. கி.மு. 422இல் அரங்கேறிய அரிஸ்டோஃபனீஸின் ‘குளவிகள்’ நாடகத்தில், ரகரத்தை லகரமாக ஒலிக்கும் ஏதென்ஸ் அரசியல்வாதி அல்கிபியாடீஸ், தியோரஸ் என்பவனுக்கு அண்டங்காக்கைத் தலை இருப்பதாகச் சொல்ல முற்பட, ‘கொரக்ஸ்’ என்னும் பறவைப்பெயர் ‘கொலக்ஸ்’ என்று திரிந்து, அவன் துதிபாடி என்னும் உண்மையை வெளிப்படுத்திவிடுகிறது. நுண்ணிய ஒலி வேறுபாட்டையும் உடனே பிரித்தறிந்த அவையின் செவிக்கூர்மையே இந்நகைச்சுவைக்கு உயிர் தந்தது.